கடல் ஏன் நீலம்? தயிர் ஏன் உறையவில்லை?

டில்லிவாழ் தமிழ்க் குடும்பங்களுக்கு ஜனவரித் திங்கள் ஒரு சோதனைக் காலம். குளிரைக் கம்பளி கொண்டு தடுத்துவிடலாம். மூடுபனியைப் பொறுமை கொண்டு கடந்துவிடலாம். ஆனால் தயிரை என் செய்வது? இரவு ஒன்பது மணிக்குப் பாலில் உறை ஊற்றி, மூடி வைத்து, காலையில் ஆவலோடு திறந்து பார்த்தால், பாலும் ஆகாமல் தயிரும் ஆகாமல் ஏதோ ஒன்று பாத்திரத்தில் அசைந்துகொண்டிருக்கும். தயிர் சாதமின்றி உணவை முடிக்க அறியாத நம்மவர்க்கு இதைவிடப் பெரிய இடர் வேறில்லை.

இவ்வாண்டு அந்தத் தயிரே நம்மை ஒரு விஞ்ஞான விசாரணையில் இழுத்துவிட்டது. கிட்வாய் நகரில் நம் அண்டை வீட்டுச் சிறுமி ஏழாம் வகுப்பில் பயில்கின்றாள். பள்ளியில் ஒரு பரிசோதனை செய்து எழுதி வருமாறு பணித்திருந்தனர். கேள்வி, கருதுகோள், செய்முறை, முடிவு என்று நான்கு தலைப்புகள். “உறைமோர் அதிகமாக விட்டால் தயிர் விரைவில் உறையும்” என்பது அவள் கொண்ட கருதுகோள். மூன்று கிண்ணங்களில் ஒரே அளவு பாலை ஊற்றி, ஒரு கரண்டி, இரண்டு கரண்டி, நான்கு கரண்டி என்று உறைமோர் கலந்து, இரவு ஒன்பது மணிக்கு அடுக்களை மேடையில் வைத்தாள். எழுதியதை நம்மிடம் காட்டிப் பிழை திருத்தித் தரும்படி கேட்டாள்.

ஏடு மிக அழகாக இருந்தது. ஒரு கரண்டி இட்டது ஒன்பது மணி நேரத்திலும், இரண்டு கரண்டி இட்டது ஏழு மணி நேரத்திலும், நான்கு கரண்டி இட்டது ஐந்து மணி நேரத்திலும் உறைந்ததாக அட்டவணை கூறிற்று. “கருதுகோள் நிரூபிக்கப்பட்டது” என்று சிவப்பு மையால் அடிக்கோடும் இட்டிருந்தாள். நாம் கணக்குப் பார்த்தோம். ஒன்பது மணிக்கு மேல் ஐந்து மணி நேரம் என்றால் இரவு இரண்டு மணி.

“இரண்டு மணிக்கு எழுந்து பார்த்தாயா, அம்மா?” என்று கேட்டோம்.

குழந்தையின் முகம் வாடிற்று. “இல்லை மாமா. காலையில் பார்த்தபோது மூன்றுமே உறையவில்லை. அப்படியே எழுதினால் மார்க் போய்விடுமே என்று பயமாக இருந்தது. அப்பாதான் இப்படி எழுதிக்கொள் என்றார்” என்றாள்.

அன்று மாலை தந்தையாரைக் கண்டபோது அவர் ஒளிக்கவில்லை. “என்ன செய்வது, சார்? ‘நிரூபிக்கப்படவில்லை’ என்று எழுதி அனுப்பினால், பிள்ளை தோற்றுவிட்டாள் என்றுதானே எண்ணுவார்கள்? டில்லியில் போட்டி எப்படிப்பட்டது என்பது உங்களுக்குத் தெரியாததா?” என்றார். அவரை நாம் குறை கூறவில்லை. ஊரை விட்டு வந்து, பிள்ளைகளின் கல்வியையே சொத்தாக எண்ணி வாழும் நம்மில் யார்தான் அவ்வாறு கூறியிருக்க மாட்டோம்? ஆயினும் இதில் அடங்கிய பிழை ஒரு பள்ளி ஏட்டோடு நிற்பதன்று. விஞ்ஞானம் என்பது நாம் முன்னரே சொன்னதைச் சரியென்று காட்டும் வித்தை என்னும் எண்ணம் பிஞ்சு மனத்தில் வேரூன்றிவிடுகின்றது. ஆகவே இத்திங்கள் இப்பகுதியில் கேள்வி, கருதுகோள், கோட்பாடு என்னும் மூன்றும் தம்முள் எவ்வாறு உறவுடையன என்பதை நேயர்களோடு சேர்ந்து சிந்திக்க விரும்புகின்றோம். அதற்கு நூல் இலக்கணம் வேண்டியதில்லை. நம்மவர் வரலாறே போதும்.

1921-ஆம் ஆண்டு. திருவானைக்காவலில் பிறந்து, சென்னையில் பயின்று, கல்கத்தாவில் பேராசிரியராக விளங்கிய சந்திரசேகர வேங்கடராமன் இங்கிலாந்து சென்று ‘நர்குண்டா’ என்னும் கப்பலில் தாயகம் திரும்பிக்கொண்டிருந்தார். அப்போது அவருக்கு வயது முப்பத்திரண்டு. மத்தியதரைக் கடலின் ஆழ்ந்த நீலம் அவர் உள்ளத்தைக் கவர்ந்தது. கடல் ஏன் நீலமாக இருக்கின்றது? இதுதான் கேள்வி.

இதற்கு முன்னரே ஒரு விடை இருந்தது. அதைக் கூறியவரும் எளியவர் அல்லர். வானத்தின் நீலத்துக்குக் காரணம் கண்டுரைத்த பேரறிஞர் ராலே பிரபு, கடலின் நீலம் வானத்தின் பிரதிபலிப்பே என்று கருதினார். கேட்பதற்குப் பொருத்தமாகவே இருக்கின்றது. ராமன் என்ன செய்தார்? அவ்விடையை மெய்யென்றும் கொள்ளவில்லை, பொய்யென்று வாதிடவும் இல்லை. அதைச் சோதனைக்குரிய கருதுகோளாக்கினார். நீலம் பிரதிபலிப்பாயின், பிரதிபலிப்பை நீக்கினால் நீலமும் நீங்க வேண்டும் அன்றோ? நீர்ப்பரப்பில் ஒரு குறிப்பிட்ட சாய்வில் பட்டுத் திரும்பும் ஒளி ஒரே தளத்தில் அதிரும் இயல்புடையது. நிக்கால் பட்டகம் என்னும் சிறு கருவியைத் தக்கபடி திருப்பிப் பிடித்தால் அவ்வொளியைத் தடுத்துவிடலாம். கப்பல் தளத்தில் நின்று அப்பட்டகத்தின் வழியே ராமன் கடலை நோக்கினார். வானத்தின் பிரதிபலிப்பு மறைந்தது. கடலின் நீலமோ மறையவில்லை, முன்னிலும் செறிவாகத் தோன்றிற்று! கப்பல் பம்பாய்த் துறையை அடைந்ததும் இதைக் கட்டுரையாக்கி ‘நேச்சர்’ இதழுக்கு அனுப்பினார்.

கருதுகோள் என்பதன் இலக்கணம் இங்கே விளங்குகின்றது. அது கேள்விக்கு நாம் தற்காலிகமாக வைத்துப் பார்க்கும் விடை. ஆனால் எந்த விடையும் கருதுகோள் ஆகிவிடாது. “இது மெய்யானால் இன்னது நிகழும், நிகழாவிடில் இது மெய்யன்று” என்று தன் கழுத்தைத் தானே நீட்டும் விடைக்கே அப்பெயர் பொருந்தும். எது நிகழ்ந்தாலும் சரியென்று சொல்லிக்கொள்ளும் விடை சோதிடத்துக்கு உதவும், விஞ்ஞானத்துக்கு உதவாது.

இந்த எச்சரிக்கை நம் முன்னோர்க்குப் புதிதன்று. மணிமேகலையின் இருபத்தொன்பதாம் காதை தருக்க முறையை விரித்துரைப்பது. மலையில் புகை கண்டு நெருப்புண்டு என்று துணிவதும், அதற்கு அடுக்களையை எடுத்துக்காட்டுவதும் அங்கே உண்டு. ஆவியோ பனியோ என்ற ஐயம் தீராத நிலையில் அதைப் புகையென்று கொண்டு நெருப்பைத் துணிவது குற்றம் என்பதும் அங்கேயே உண்டு. ஜனவரிக் காலையில் டில்லித் தெருவில் நிற்பவர்க்கு இவ்வெச்சரிக்கையின் அருமை நன்கு விளங்கும்.

இனிக் கோட்பாட்டுக்கு வருவோம். வானத்தின் பிரதிபலிப்பு அன்று என்றால் பின் எது? நீரின் மூலக்கூறுகளே கதிரவன் ஒளியைச் சிதறடிக்கின்றன என்பது ராமனின் கருதுகோள். இதை அவர் வெறும் கற்பனையாகக் கூறவில்லை. திரவங்களின் அடர்த்தியில் இடையறாது நிகழும் நுண்ணிய ஏற்றத்தாழ்வுகளால் ஒளி சிதறும் என்று ஸ்மோலுகோவ்ஸ்கியும் ஐன்ஸ்டீனும் 1908, 1910-ஆம் ஆண்டுகளில் ஒரு கோட்பாட்டை வகுத்திருந்தனர். அதைக் கொண்டு தூய நீர் எவ்வளவு ஒளியைச் சிதறடிக்க வேண்டும் என்று கணக்கிடலாம். ஆய்வுக்கூடத்தில் அளந்து ஒப்பிடலாம். கருதுகோள் ஒரு குறிப்பிட்ட நிகழ்ச்சிக்குக் கூறும் விடை. கோட்பாடோ பல நிகழ்ச்சிகளை ஒரு நூலில் கோத்துக் காரணம் காட்டுவது, புதிய கருதுகோள்களை ஈன்று தருவது. “தியரிதானே, வெறும் ஊகம்” என்று நாம் அன்றாடம் கூறும் சொல் விஞ்ஞானத்தில் செல்லாது. கடல் நீலத்தில் நீர் செந்நிற ஒளியை விழுங்குவதற்கும் பெரும் பங்கு உண்டு என்பதை இன்று நாம் அறிவோம். இவ்வாறு விடை மேன்மேலும் திருந்துவதே முறை.

மத்திய அரசு அலுவலர்கள் நிறைந்த நம் குடியிருப்பில் ஒரு மயக்கம் எளிதில் உண்டாகும். கருதுகோள் சில ஆண்டுகள் பணியாற்றிப் பதவி உயர்வு பெற்றுக் கோட்பாடு ஆகும். கோட்பாடு மேலும் உயர்ந்து ஓய்வு பெறுமுன் விதி ஆகும் என்று எண்ணுவோர் உளர். அவ்வாறன்று, இவை வெவ்வேறு பணிகள். ஒளியின் அலைநீளம் குறையக் குறையச் சிதறல் இன்ன கணக்கில் மிகும் என்று கூறுவது விதி. அது ஏன் என்று விளக்குவது கோட்பாடு. இந்தத் திரவத்தில் இன்று இது நிகழும் என்று பந்தயம் கட்டுவது கருதுகோள். இம்மூன்றையும் ஓயாது வேலை வாங்கும் அதிகாரி ஒருவர் உண்டென்றால், அவர் பெயர் கேள்வி.

நம் கதையின் சிறந்த பகுதி இனிமேல்தான் வருகின்றது. 1923-ஆம் ஆண்டில் ராமனின் மாணவர் கே. ஆர். ராமநாதன் நீரில் சிதறிய ஒளியை ஆராய்ந்தபோது வேண்டாத விருந்தாளி ஒன்றைக் கண்டார். உள்ளே செலுத்திய நிறத்தின் ஒளியோடு, வேறு நிறம் கொண்ட மிக மங்கிய ஒளியும் உடன் வந்தது. கோட்பாட்டில் அதற்கு இடமில்லை. நீரில் கலந்துள்ள மாசு ஒளிர்வதே இது என்பது அன்று கொண்ட கருதுகோள். மாசாயின் தூய்மை செய்யச் செய்யக் குறைய வேண்டும். திரவத்தை மீண்டும் மீண்டும் வடித்தெடுத்தனர், அவ்வொளி குறையவில்லை. 1925-ஆம் ஆண்டில் கே. எஸ். கிருஷ்ணன் வேறு பல திரவங்களிலும் அதையே கண்டார்.

நேயர்களே, இவ்விடத்தில் சற்று நின்று எண்ணிப் பாருங்கள். ராமநாதனின் ஏட்டில் அந்தச் சிறு ஒளி எழுதப்படாமல் போயிருந்தால்? “மாசு நீங்கிற்று, கருதுகோள் நிரூபிக்கப்பட்டது” என்று சிவப்பு மையால் அடிக்கோடு இட்டிருந்தால்? யாரும் கண்டுபிடித்திருக்க மாட்டார்கள். அவ்வொளியோ மிக மிக நலிந்தது. உட்செல்லும் ஒளியில் ஏறத்தாழக் கோடியில் ஒரு பங்கு. இல்லையென்று சொல்லிவிடுவது எவ்வளவு எளிது! ஆனால் அவர்கள் கண்டதைக் கண்டவாறே எழுதி வைத்தனர். கருதுகோள் தோற்றது, கேள்வி வென்றது. கடல் ஏன் நீலம் என்று தொடங்கிய வினா, சிதறிய ஒளியின் நிறம் ஏன் மாறுகின்றது என்னும் கூர்மையான வினாவாக மாறிற்று.

அவ்வினாவுக்கு உடனே விடை கிடைக்கவில்லை. எக்ஸ்-கதிர்கள் சிதறும்போது அவற்றின் அலைநீளம் மாறுவதைக் கண்ட அமெரிக்கப் பேராசிரியர் காம்ப்டனுக்கு 1927-ஆம் ஆண்டின் நோபல் பரிசு கிடைத்தது. கண்ணுக்குப் புலனாகும் ஒளியிலும் அதை ஒத்த ஒன்று நிகழக்கூடுமோ என்பது ராமனுக்குப் பிறந்த புதிய கருதுகோள். அக்காலத்தில் வேங்கடேசுவரன் என்னும் மாணவர், கிளிசரினில் சிதறும் ஒளி வழக்கமான நீலமாக இராமல் பசுமை தட்டி வருவதையும், அது ஒரே தளத்தில் மிகுதியாக அதிர்வதையும் கண்டிருந்தார். மாசின் ஒளிர்வு பொதுவாக அவ்வாறு தளவயப்படுவதில்லை. எனவே, புதிய கருதுகோள் மெய்யாயின் ஏதோ ஒரு திரவத்தில் மட்டுமன்றி எல்லாத் திரவங்களிலும், ஆவிகளிலும்கூட இது தோன்ற வேண்டும். தளவயப்பட்டும் இருக்க வேண்டும்.

1928-ஆம் ஆண்டு தொடக்கத்தில் ராமனும் கிருஷ்ணனும் இதில் முழுமூச்சாக இறங்கினர். கல்கத்தா பௌபஜார் தெருவிலிருந்த இந்திய விஞ்ஞான வளர்ச்சிக் கழகத்தில் பெரும் பொறிகள் இல்லை. 18 செண்டிமீட்டர் அகலமுள்ள தொலைநோக்கி வில்லை ஒன்றினால் வெயிலைக் குவித்து, அதை ஊதா நிறக் கண்ணாடி வழியே திரவத்துள் செலுத்தி, பச்சை கலந்த மஞ்சள் கண்ணாடி வழியே பக்கவாட்டில் நோக்கினர். நிறம் மாறாவிடில் இரண்டாம் கண்ணாடி முழு இருளைக் காட்ட வேண்டும். இருளில்லை, ஒளி தெரிந்தது. ஏறத்தாழ அறுபது திரவங்களில் தெரிந்தது. பிப்ரவரி 28-ஆம் நாள் நிறமாலை காட்டியில் நோக்கியபோது, புகுந்த ஒளிக்கும் மாறிய ஒளிக்கும் இடையே கரிய இடைவெளி தெளிவாகப் பிரிந்து நின்றது. ராமனும் கிருஷ்ணனும் எழுதிய குறிப்பு மார்ச் 31-ஆம் நாள் ‘நேச்சர்’ இதழில் வெளிவந்தது. 1930-ஆம் ஆண்டின் நோபல் பரிசு ராமனை வந்தடைந்தது.

வியப்பு இதனோடு முடியவில்லை. ராமனை வழிநடத்திய காம்ப்டன் உவமையும் முற்றும் பொருந்தவில்லை என்பது பின்னர் விளங்கிற்று. மூலக்கூறு தன் அதிர்வுக்கு வேண்டிய ஆற்றலை ஒளியினிடமிருந்து எடுத்துக்கொள்கின்றது, அல்லது தன்னிடமுள்ளதைக் கொடுக்கின்றது. அந்தக் கொடுக்கல் வாங்கலே நிற மாற்றம். இதற்குரிய கோட்பாட்டு விதைகளை 1923-இல் ஸ்மேக்கலும், 1925-இல் கிராமர்சும் ஹைசன்பர்கும் ஐரோப்பாவில் விதைத்திருந்தனர். அதே பிப்ரவரியில் மாஸ்கோவில் லாந்த்ஸ்பெர்கும் மாந்தெல்ஷ்டாமும் படிகங்களில் இதே விளைவைக் கண்டனர். அவர்கள் தேடியது வேறு. ஒரு கோட்பாடு முன்னுரைத்த நுண்ணிய ஒளிப்பிரிவைத் தேடப் போய், எதிர்பாராத இதைக் கண்டனர். ஒருவர் கேள்வியிலிருந்து புறப்பட்டார். மற்றவர் கோட்பாட்டிலிருந்து புறப்பட்டார். வந்து சேர்ந்த இடம் ஒன்று. முதலில் கேள்வி, அடுத்துக் கருதுகோள், இறுதியில் கோட்பாடு என்று பள்ளி ஏடு கட்டும் படிவரிசை பயிற்சிக்கு உதவுமே தவிர, அறிவு எப்போதும் அந்த வரிசையில் நடப்பதில்லை. எந்த வாயிலில் நுழைந்தாலும், கண்டதை மறைக்காமல் எழுதுவது ஒன்றே மாறாத நிபந்தனை.

இக்கதையைச் சிறுமிக்குக் கூறினோம். தந்தையாரும் உடன் அமர்ந்து கேட்டார். பிறகு மூவருமாகத் தயிருக்குத் திரும்பினோம். முதற்கேள்வி, “மூன்றும் ஏன் உறையவில்லை?” என்பதாயிற்று. பால் புளிப்பது நுண்ணுயிர்களின் செயல் என்பதை 1857-இலேயே பாஸ்டர் காட்டியிருக்கின்றார். அது கோட்பாடு. உயிர்களாதலின் அவற்றுக்கு இளஞ்சூடு வேண்டும். குளிரில் சோம்பிக் கிடக்கும். கோட்பாடு இவ்வாறு புதிய கருதுகோளைப் பெற்றுத் தந்தது: உறைமோரின் அளவன்று, வெப்பமே இங்கே தடை.

இம்முறை நான்கு கிண்ணங்கள். இரண்டில் ஒரு கரண்டி, இரண்டில் நான்கு கரண்டி உறைமோர். ஒவ்வோர் அளவிலும் ஒன்றைக் கம்பளியில் சுற்றி அரிசி டின்னுக்குள் வைத்தாள். மற்றொன்றை அடுக்களை மேடையில் திறந்தவாறே விட்டாள். காலையில் அரிசி டின்னில் இருந்த இரண்டும் கட்டித் தயிர். மேடையில் இருந்த இரண்டும் பால். நான்கு கரண்டி இட்டும் குளிரில் உறையவில்லை. ஒரே கரண்டியும் சூட்டில் உறைந்துவிட்டது.

“அப்படியானால் என் பழைய கருதுகோள் பொய்யா, மாமா?” என்றாள்.

அவளையே யோசிக்கச் சொன்னோம். சிறிது நேரம் கழித்து அவளே விடை கூறினாள். டின்னில் இருந்த இரண்டும் விடிவதற்குள் உறைந்துவிட்டமையால், எது முந்தியது என்று தெரியாது. பொய்யென்று காட்டவும் இல்லை, மெய்யென்று காட்டவும் இல்லை. சூடான இடத்தில் வைத்துப் பகலில் மணிக்கொருமுறை பார்த்தால்தான் தெரியும். ஆகவே அவள் ஏட்டின் இறுதியில் ‘முடிவு’ என்பதற்குக் கீழே புதிய கேள்வி ஒன்றும் எழுதப்பட்டது. முதல் நாள் அட்டவணையின் மேல் ஒரு கோடு இழுத்து, “இவை நான் பார்த்து எழுதியவை அல்ல” என்று தன் கையாலேயே எழுதினாள். அதைக் கண்டு தந்தையார் சற்று நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, “அப்படியே கொடுத்துவிடு, கண்ணா” என்றார். மதிப்பெண் இன்னும் வரவில்லை. எத்தனை வந்தாலும் அவ்வீட்டில் ஒரு நல்ல காரியம் நடந்துவிட்டது என்பது நம் துணிபு.

வத்திராயிருப்பில் பிறந்த கிருஷ்ணன் இத்தலைநகருக்கு அயலவர் அல்லர். தேசிய பௌதிக ஆய்வுக்கூடத்தின் முதல் இயக்குநராக 1947-இல் பொறுப்பேற்று, 1961-இல் இங்கேயே மறையும்வரை அதை வளர்த்தவர் அவர். பூசா பகுதியில் அவ்வாய்வுக்கூடம் அமைந்த சாலை இன்று அவர் பெயரைத் தாங்கி நிற்கின்றது. அவ்வழியே செல்லும்போது பெற்றோர்கள் பிள்ளைகளுக்கு அப்பெயர்ப் பலகையைக் காட்டி, ஒரு தோற்ற கருதுகோளைத் தோற்றதென்றே ஏற்றுக்கொண்ட தமிழர் ஒருவரின் கதையைச் சொல்ல வேண்டுகின்றோம்.

பிப்ரவரி 28-ஆம் நாள் 1987 முதல் தேசிய விஞ்ஞான தினமாகக் கொண்டாடப்படுகின்றது. அன்று நம் வீடுகளில் விழா ஒன்றும் வேண்டாம். பிள்ளைகள் ஒரு கேள்வி கேட்கட்டும். விடை என்னவாக இருக்கும் என்று முன்னரே ஒரு தாளில் எழுதட்டும். பிறகு பார்த்து, கண்டதை அதன் கீழே எழுதட்டும். இரண்டும் ஒத்துவந்தால் ஒரு பாராட்டு. ஒத்துவராவிட்டால் இரண்டு பாராட்டு. அத்தாள்களை நமக்கு அனுப்பினால் மிக்க மகிழ்வோடு பார்வையிடுவோம். குறிப்பாக, உறைமோர்க் கேள்விக்கு எந்த வீட்டிலேனும் விடை கண்டால், தவறாமல் எழுதுங்கள்.